மஞ்சள் மார்க்கர்

'இந்தக் கோப்பு மிகப் பழைய பதிப்பில் உருவாக்கப்பட்டது. திறக்க இயலாது.' இப்படி ஒரு பெட்டி திரையில் வந்து நிற்கும். அதற்குக் கீழே ஒரே ஒரு பொத்தான்: சரி. அந்தச் 'சரி'யைப் பார்த்தால்தான் எனக்குக் கோபம் மூக்குக்கு மேல் வரும். என்ன சரி? எனக்கு ஒன்றும் சரியில்லை என்று சொல்ல ஒரு பொத்தான் வைத்தார்களா? பதினான்கு வருடங்களில் அதை எத்தனை முறை அழுத்தியிருப்பேன் என்று எனக்கே தெரியாது.

நான் வீடியோ எடிட்டர். கல்யாணம், பள்ளி ஆண்டு விழா, கடைத் திறப்பு, எது வந்தாலும் வெட்டி ஒட்டிக் கொடுப்பேன். இப்போது சொந்தமாக ஓர் அறை, இரண்டு திரை, யாருக்கும் கைகட்டி நிற்க வேண்டாத பிழைப்பு. மென்பொருளின் புதிய பதிப்பு வருடத்துக்கு ஒருமுறை தானே வந்து இறங்கிக்கொள்ளும். வந்ததும் நேற்றுவரை இருந்த பொத்தானை வேறிடத்தில் ஒளித்து வைத்திருக்கும். நான் திட்டுவேன், பிறகு பழகிக்கொள்வேன். ஆனால் என் மேசை இழுப்பறையில் ஒரு சின்ன ஹார்ட் டிஸ்க் இருக்கிறது. அதிலுள்ள ஒரு கோப்பு மட்டும் எந்தப் புதிய பதிப்புக்கும் மசியவில்லை.

அதைத் திறந்து பார்க்க நான் தவியாய்த் தவித்தேன். காரணம் ஒரு மனிதர். அவரை நான் ரெண்டு மணி என்றுதான் கூப்பிடுவேன்.

முன்பு நான் வேலை பார்த்த ஸ்டூடியோவில் எடிட்டிங் கம்ப்யூட்டர் ஒன்றே ஒன்றுதான். முதலாளிக்குக் கை கொஞ்சம் இறுக்கம். ஒரு கம்ப்யூட்டருக்கு இரண்டு பேரை வைத்தார். காலை ஆறு முதல் பகல் இரண்டு வரை நான், இரண்டு முதல் அவர். சரியாக இரண்டுக்குப் படியேறி வருவார், ஒரு நிமிடம் முந்தியதும் இல்லை, பிந்தியதும் இல்லை. நான் பையை மாட்டுவேன், அவர் பையைக் கழற்றுவார். 'எதுவரைக்கும் வந்திருக்கு?' 'சாப்பாட்டு ஷாட் வரைக்கும்.' பக்கத்தில் முதலாளி நின்றுகொண்டிருப்பார். மூன்று வருடங்களில் நாங்கள் நேருக்கு நேர் பேசியதெல்லாம் இவ்வளவுதான்.

ஆனால் பேசாமல் இருந்தோம் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. எடிட்டிங்கில் மார்க்கர் என்று ஒன்று உண்டு. படம் ஓடும் பட்டையில் எந்த இடத்திலும் சின்னதாக ஒரு வண்ணக் குறி போடலாம், அதற்குள் குறிப்பு எழுதி வைக்கலாம். ஒரே படத்தை இரண்டு பேர் மாற்றி மாற்றி வெட்டியதால் எங்களுக்கு அதுதான் தபால்பெட்டி. பச்சை என்றால் செய்ய வேண்டிய வேலை, சிவப்பு என்றால் தவறு. அந்த மென்பொருளில் தமிழ் எழுத்து வெறும் கட்டமாகத் தெரியும் என்பதால் தமிழை ஆங்கில எழுத்தில் தட்டுவோம்.

'இந்த மாமா நாலு ஷாட்ல தூங்கறார். முழிச்சிருக்கறதா ஒண்ணு எடுத்து வைங்க' என்று நான் சிவப்பில் எழுதுவேன். மறுநாள் காலை அதே இடத்தில் பதில் இருக்கும்: 'தேடிட்டேன். முழிச்சிருக்கறதே இல்ல. சாப்பிடற ஷாட்டை வெச்சிருக்கேன், அதுலயும் அரைத்தூக்கம்தான்.' காலை ஆறு மணிக்கு, தனியாக, காலி அறையில் உட்கார்ந்து நான் சிரித்திருக்கிறேன்.

ஒருநாள் முதல் மஞ்சள் வந்தது. மஞ்சளுக்கு நாங்கள் எந்த அர்த்தமும் வைத்திருக்கவில்லை. 'ஒரு விண்ணப்பம். நாற்காலியை ஏன் இவ்வளவு கீழ இறக்கறீங்க? உக்காந்தா முட்டி முகவாயில இடிக்குது.' நான் விடுவேனா? 'நீங்க ஏத்தி வெச்சா என் கால் அந்தரத்துல தொங்குது. கடவுள் எனக்குக் கொடுத்த உயரம் இவ்வளவுதான், புகாரை அங்க கொடுங்க' என்று தட்டிவிட்டேன். மறுநாள் காலை நாற்காலி என் உயரத்துக்கு இறக்கி வைக்கப்பட்டிருந்தது. அன்று கிளம்பும்போது நானும் அதை அவர் உயரத்துக்கு ஏற்றி வைத்தேன். அதன்பின் ஒருநாளும் தவறியதில்லை.

மஞ்சள் பெருகியது. அவர் அம்மாவின் கண் அறுவை சிகிச்சை, எங்கள் வீட்டுக் கூரை ஒழுகியது, அவருக்கு மழையில் நடக்கப் பிடிக்கும், எனக்குப் பிடிக்காது, எல்லாமே மஞ்சளில்தான். யாரோ ஒரு மணப்பெண் சிரிக்கும் இடத்தில் அவர் தன் பள்ளிக்கூடக் கதையை எழுதி வைத்திருப்பார். எனக்கு அவரைப் பிடித்திருந்தது. சுற்றி வளைத்துச் சொல்ல எனக்கு வராது. மிகவும் பிடித்திருந்தது.

ஒரே ஒரு சட்டம் உண்டு. படத்தை வாடிக்கையாளருக்குக் கொடுக்கும்முன் எல்லா மார்க்கரையும் அழித்துவிட வேண்டும். இரண்டு விசையைச் சேர்த்து அழுத்தினால் மொத்தமும் போய்விடும். முதலாளியின் கண்ணில் பட்டால் மானம் போகுமே என்ற பயத்தில் அந்த அழுத்தல் எங்கள் இருவர் விரலிலும் ஊறிப்போயிருந்தது.

அது ஒரு சனிக்கிழமை, ஒரு கல்யாணப் படத்தைக் கொடுக்க வேண்டிய நாள். நான் வந்தபோதே மணப்பெண்ணின் அப்பா கீழே காத்திருந்தார். ஊருக்குப் போக அவருக்கு அன்றைக்கே ரயில். முதலாளி என் கழுத்துக்குப் பின்னால் நின்றுகொண்டு "ஆச்சா? ஆச்சாம்மா?" என்று பிடுங்கி எடுத்தார். படம் முடிந்திருந்தது. கோப்பைத் திறந்தேன், விரல்கள் தாமாகவே அந்த இரண்டு விசையை அழுத்தின. அழுத்திய அதே நொடியில்தான் பார்த்தேன். பட்டையின் கடைசியில், மணப்பெண் காரிலிருந்து கையசைக்கும் ஷாட்டில், ஒரு மஞ்சள். பார்த்தேன், அது போய்விட்டது.

திரும்பக் கொண்டுவர ஒரு விசை உண்டுதான். ஆனால் முதலாளியின் மூச்சு என் காதில் பட்டுக்கொண்டிருந்தது. இரண்டு மணிக்கு ஆள் வரப்போகிறார், கேட்டுக்கொண்டால் போகிறது என்று விட்டுவிட்டேன்.

படம் டிஸ்க்கில் ஏறி முடியப் பகல் ஒன்றரை ஆகிவிட்டது; அதைக் கொடுத்து, பெண்ணின் அப்பாவையும் அனுப்பியாயிற்று. முதலாளிக்கு என்ன தோன்றியதோ, "வேலைதான் முடிஞ்சிடுச்சே, கொஞ்சம் முன்னாடியே கிளம்பும்மா" என்றார். அவர் வாயிலிருந்து அப்படி ஒரு வார்த்தை வருவது அபூர்வம், மனம் மாறுவதற்குள் நாற்காலியை ஏற்றி வைத்துவிட்டுப் பையை மாட்டினேன். மணி இரண்டடிக்க இன்னும் பத்து நிமிடம் இருந்தது. படியில் பாதி இறங்கும்போது எதிரில் அவர் வந்தார். தேய்த்த நீலச் சட்டை. அவர் சட்டை தேய்த்து நான் பார்த்ததே இல்லை.

"என்ன இது, ரெண்டு மணி இன்னைக்கு ரெண்டு மணிக்கு முன்னாடியே வந்துடுச்சு?" என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. "கிளம்பிட்டீங்களா?"

"ஆமா. இன்னைக்கு சீக்கிரம் முடிஞ்சிடுச்சு."

மஞ்சளைப் பற்றிக் கேட்க வாயெடுத்தேன். மேலேயிருந்து முதலாளி சாவிக்கொத்தைக் குலுக்கிக்கொண்டு இறங்கி வந்தார். வாயை மூடிக்கொண்டேன். ரெண்டு மணி சுவரோடு ஒட்டி நின்று எனக்கு வழிவிட்டார்.

"சரி. பாத்துப் போங்க" என்றார்.

திங்கட்கிழமை காலை பழைய கம்ப்யூட்டர் இல்லை, புதிதாக ஒன்று உட்கார்ந்திருந்தது. முதலாளி அதிசயமாகக் கையை அவிழ்த்துப் புதிய பதிப்பும் வாங்கியிருந்தார். "பழசை வீட்டுக்குக் கொண்டுபோயிட்டேன், பாட்டு கேக்க ஆகும்" என்றார். அதே மூச்சில், "அவன் சனிக்கிழமையோட நின்னுட்டான்மா. வெளியூர்ல நல்ல வேலையாம். உங்கிட்ட அவனே சொல்றேன்னானே, சொல்லலையா?" என்றார். நான் தலையை எப்படியோ ஆட்டினேன். நாற்காலியில் போய் உட்கார்ந்தேன். அது என் உயரத்துக்கு இறக்கி வைக்கப்பட்டிருந்தது.

எனக்கு வந்தது அழுகை இல்லை, கோபம். ஒரு வார்த்தை சொல்லாமல் போகிற அளவுக்கு என்ன கொம்பு முளைத்துவிட்டது என்று நினைத்தேன். அப்புறம்தான் அந்த மஞ்சள் ஞாபகம் வந்தது. சொல்லியிருக்கிறார். நான்தான் படிக்காமல் அழித்திருக்கிறேன்.

மென்பொருள் பத்து நிமிடத்துக்கு ஒருமுறை தானே ஒரு நகல் எடுத்து வைக்கும். வெள்ளிக்கிழமை அவர் வேலை முடித்தபோது எடுத்த நகல், ஸ்டூடியோவில் தனியாக வைத்திருந்த ஹார்ட் டிஸ்க்கில் பத்திரமாக இருந்தது. புதிய பதிப்பில் அதைத் திறந்தேன். அப்போது திறந்தது. கடைசி ஷாட்டில் மஞ்சளும் இருந்தது. சொடுக்கினால் உள்ளே ஒன்றுமில்லை. புதிய பதிப்பு குறியைக் கொண்டுவந்தது, வண்ணத்தைக் கொண்டுவந்தது, எழுத்தை மட்டும் வழியிலேயே போட்டுவிட்டது.

முதலாளியின் வீட்டுக்குப் போய்ப் பழைய கம்ப்யூட்டரில் பார்த்திருக்கலாமே என்று கேட்பீர்கள். எதற்கு என்று அவர் கேட்டால் என்ன சொல்வது? எனக்கு அப்போது முப்பது வயது, வீம்பு அறுபது வயதுக்கு இருந்தது. அந்த நகலையும் அந்தக் கல்யாணக் காட்சிகளையும் என் ஹார்ட் டிஸ்க்கில் போட்டுக்கொண்டேன். பிறகு பதிப்பு மேல் பதிப்பாக வந்தது, ஒரு கட்டத்தில் மஞ்சளைக்கூடக் காட்டாமல் 'மிகப் பழைய பதிப்பு' என்று முகத்திலடித்தாற்போல் சொல்லிவிட்டது.

எனக்குத் திருமணம் ஆகவில்லை. அந்த மஞ்சளால்தான் என்று சொன்னால் அது பொய், இரண்டு இடம் வந்தது, இரண்டும் எனக்குப் பிடிக்கவில்லை, அவ்வளவுதான். அவர் எங்கே இருக்கிறார் என்றும் தெரியும். வேறு நாட்டில், மனைவி, இரண்டு பிள்ளைகள். ஒரு படத்தில் பார்த்தேன், முன்மண்டை வழுக்கை. அவருக்கே எழுதிக் கேட்கலாம். 'அன்றைக்கு மஞ்சளில் என்ன எழுதினீர்கள்' என்று ஒரு குடும்பஸ்தரிடம் எந்த முகத்தோடு கேட்பது? நான் ஒன்றும் போய் அவர் கையைப் பிடித்துக்கொள்ளப் போவதில்லை. எனக்கு என்ன எழுதினார் என்று மட்டும் தெரிந்தால் போதும். மழை பெய்யும் நாளிலெல்லாம் அது என்னவாக இருக்கும் என்று யோசித்திருக்கிறேன். ஒவ்வொரு முறையும் வேறு வேறாக எழுதிப் பார்ப்பேன், ஒன்றுகூட அவர் எழுதியது போல இருக்காது.

போன மாதம், காரிலிருந்து கையசைத்த அந்த மணப்பெண்ணே போன் செய்தாள். "அக்கா, எங்க கல்யாண டிஸ்க் ஓடவே மாட்டேங்குது. என் பொண்ணு பாக்கணும்னு ஒத்தைக்கால்ல நிக்கறா. உங்ககிட்ட எங்கேயாவது இருக்குமா?" என்றாள். என் மனம் எங்கே போயிருக்கும் என்று சொல்லத் தேவையில்லை. பதினான்கு வருடங்கள் கழித்து முதலாளி வீட்டுக் கதவைத் தட்ட எனக்கு ஒரு கௌரவமான காரணம் கிடைத்துவிட்டது.

முதலில் கம்ப்யூட்டர் ரிப்பேர்க்காரரைப் பார்த்தேன். பழைய பெட்டிகளுக்கு உயிர் கொடுப்பதால் அவரை எல்லாரும் டாக்டர் என்பார்கள். என் ஹார்ட் டிஸ்க்கை அவர் மேசையில் வைத்துவிட்டு, "நேத்துவரைக்கும் ஓடின சாமான் இன்னைக்கு ஏன் ஓடாது? கெட்டுப்போக அது என்ன பாலா?" என்று சண்டைக்குப் போனேன்.

"அது கெடலைக்கா. அப்படியேதான் இருக்கு. அது நின்ன தரையைத்தான் எடுத்துட்டாங்க" என்றார். "கம்ப்யூட்டரோட அடிப்படை சிஸ்டம் மாறிடுச்சு. அந்தக் காலத்து ப்ரோகிராம் பேசற பேச்சு இப்போ இருக்கற சிஸ்டத்துக்குப் புரியாது. படம் காட்டற கார்டும் புதுசு, அதுக்கும் இதைத் தெரியாது."

"பழைய சிஸ்டமே போட்டா?"

"போடலாம். ஆனா இன்ஸ்டால் பண்ணினதும் அது கம்பெனியைக் கூப்பிட்டு, நான் திறக்கலாமான்னு அனுமதி கேக்கும். பதில் சொல்ற சர்வரை கம்பெனி எப்பவோ மூடிட்டாங்க. இது கேட்டுக்கிட்டே நிக்கும். அந்தப் பக்கம் ஆள் இல்ல."

"ப்ரோகிராமே வேணாம். கோப்பை உடைச்சு எழுத்தை மட்டும் எடுக்க முடியாதா?"

"சுருட்டி வெச்சிருக்குக்கா. பிரிக்க அந்த வெர்ஷனுக்கு மட்டும்தான் தெரியும்." சற்று யோசித்தார். "அப்பவே அனுமதி வாங்கின பெட்டி ஏதாவது, அதுக்கப்புறம் யாரும் கை வைக்காம இருந்தா, பாக்கலாம்."

மறுநாள் பகல் அவரையும் கூட்டிக்கொண்டு முதலாளி வீட்டுக்குப் போனேன். முதலாளிக்கு இப்போது காது மந்தம், ஆனால் என்னைப் பார்த்ததும் முகம் மலர்ந்துவிட்டது. "பெட்டிதானே? இருக்கு, இருக்கு. நான் எதைத் தூக்கிப் போட்டிருக்கேன்?" என்றார். கை இறுக்கமும் ஒரு நல்ல குணம்தான் என்று அன்றைக்கு அவரை மனதார வாழ்த்தினேன். பெட்டி தையல் மிஷினுக்கு அடியில் கிடந்தது, மேலே அவர் மனைவியின் துணிமூட்டை. வீட்டுக்கு வந்தபின் பாட்டு கேட்டதோடு சரி, இணையம் என்ற ஒன்றை அதற்குக் காட்டியதே இல்லையாம்.

டாக்டர் தூசி தட்டி, எதையோ பிடுங்கிச் செருகி, ஒரு மணி நேரத்தில் திரைக்கு உயிர் கொடுத்துவிட்டார். மென்பொருளின் அந்தப் பழைய சின்னம் மூலையில் தெரிந்தது. சொடுக்கினோம். 'உங்கள் அனுமதி இன்னும் தொடங்கவில்லை' என்றது.

"உள்ள இருக்கற கடிகார பேட்டரி செத்துடுச்சு. பெட்டி தான் பிறந்த வருஷத்துக்கே போயிடுச்சு" என்றார் டாக்டர். இன்றைய தேதியைப் போட்டார். 'உங்கள் அனுமதி முடிந்துவிட்டது' என்றது. "சரிதான். அப்போ வாங்கின அனுமதி அந்த ஒரு வருஷத்துக்குத்தான். அதுக்குள்ள ஒரு தேதியைப் போட்டாத்தான் நம்பும். எந்தத் தேதி போடட்டும்?"

நான் அந்தச் சனிக்கிழமையைச் சொன்னேன். நாள், மாதம், வருடம், மூன்றும் மூச்சுவிடாமல் வந்தது.

டாக்டர் திரும்பிப் பார்த்தார். "மனப்பாடமாக்கா?"

"டெலிவரி கொடுத்த தேதி. தொழில்ல இதெல்லாம் ஞாபகம் இருக்கணும்" என்றேன்.

மணியை மட்டும் தன் கைக்கடிகாரத்தைப் பார்த்து வைத்தார். மென்பொருள் ஒரு வார்த்தை பேசாமல் திறந்துகொண்டது. அதற்கு இன்று அந்தச் சனிக்கிழமை. என் ஹார்ட் டிஸ்க்கைச் செருகினேன். பட்டை விரிந்தது. நீளமாக ஒரு கல்யாணம், அதன் மேல் பச்சை, சிவப்பு, கடைசியில் ஒற்றை மஞ்சள்.

"பொண்ணு கேட்ட படம் வந்துடுச்சு" என்றார் டாக்டர், திருப்தியாக. அவரிடம் குடிக்கத் தண்ணீர் கேட்டு வாங்கி வரச் சொன்னேன். அவர் உள்ளே போனதும் மஞ்சளைச் சொடுக்கினேன்.

'நாளைக்கு எனக்கு இங்க கடைசி நாள். உங்ககிட்ட நானே சொல்லிக்கறேன்னு முதலாளிகிட்ட சொல்லியிருக்கேன். மூணு வருஷத்துல நாம நேர்ல அஞ்சு நிமிஷம் பேசினதில்ல. நாளைக்குப் பத்து நிமிஷம் முன்னாடியே வரேன். இருங்க. கேக்க வேண்டியது ஒண்ணு இருக்கு, அதை மார்க்கர்ல கேக்க மனசு வரல. இருக்க இஷ்டமில்லன்னா நான் வர்ற நேரத்துக்குக் கிளம்பிடுங்க. காரணம் எதுவும் சொல்ல வேணாம், நான் புரிஞ்சுக்கறேன். எப்படியும் நாற்காலியை இறக்கி வெச்சுட்டுத்தான் போவேன்.'

இரண்டாம் முறை படித்தேன். மூன்றாம் முறை படிக்க முடியவில்லை. தேய்த்த நீலச் சட்டையும் அவர் சுவரோடு ஒட்டி நின்றதும் கண்ணுக்கு முன் வந்தது. கிளம்பிட்டீங்களா என்று கேட்டார். ஆமாம் என்றேன். கிண்டல் வேறு செய்தேன். அவர் வாய்விட்டுக் கேட்காத கேள்விக்கு நான் படியிலேயே பதில் சொல்லிவிட்டு இறங்கிப் போயிருக்கிறேன். அவரும் புரிந்துகொண்டார், தப்பாக. அதன் பிறகும் மேலே போய் எட்டு மணி நேரம் வேலை பார்த்து, எனக்காக நாற்காலியை இறக்கி வைத்துவிட்டுப் போயிருக்கிறார்.

பதினான்கு வருடங்களாக அவர் என்ன சொன்னார் என்றுதான் ஏங்கிக்கொண்டிருந்தேன். நான் என்ன சொன்னேன் என்பது எனக்கு இன்றுதான் தெரிந்தது.

டாக்டர் தண்ணீரோடு வந்தார். குடித்தேன். மணப்பெண்ணின் படத்தை நகலெடுக்கக் கொடுத்தேன், அது ஓடி முடிந்தது. அந்த இரண்டு விசையின் மேல் என் விரல்கள் பழக்கத்தில் போய் நின்றன. எடுத்துவிட்டேன்.

"வேலை முடிஞ்சுதுக்கா. கிளம்பலாமா?" என்றார் டாக்டர்.

திரையின் மூலையைப் பார்த்தேன். அந்தச் சனிக்கிழமை, மணி ஒன்று ஐம்பது.

"நீங்க போங்க. நான் பத்து நிமிஷம் இருந்துட்டு வரேன்" என்றேன்.

"இன்னும் என்ன இருக்கு?"

"ஒண்ணுமில்ல. சும்மா."

அவர் பையைத் தூக்கிக்கொண்டு போனார். முதலாளி கூடத்தில் தூங்கிவிட்டிருந்தார். நான் தையல் மிஷினின் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தேன். ஒன்று ஐம்பத்தைந்து ஆயிற்று. பிறகு இரண்டு ஆயிற்று. அதற்குப் பிறகும் கொஞ்ச நேரம் நான் எழுந்திருக்கவில்லை.